பிலோமினா அம்மாவின் மூன்று மெழுகுவத்திகள்

புதிதாகச் சேர்ந்திருக்கும் உதவி இயக்குநர்களுக்கு ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று கேட்டார்கள். நான் ஓய்வு பெற்றவன் என்று அவர்களுக்கு எண்ணம். சின்னத்திரையில் யாரும் ஓய்வு பெறுவதில்லை. போன் அடிப்பது நின்றுவிடும், அவ்வளவுதான். என்னுடையது நின்று மூன்று வருடம் ஆகிறது. முதல் மாதம் சிம்மைக் கழற்றிக் கழற்றி மாட்டிப் பார்த்தேன்.

ஷாட் வைப்பதெல்லாம் உங்களுக்கு யாராவது சொல்லித் தருவார்கள். என்னிடம் கற்றுக்கொண்டால் கெட்டுப்போவீர்கள். நான் சொல்லப்போவது ஒரே ஒரு விஷயம்: உயிரோடிருந்த ஒரு மனிதரை நான் எப்படிச் சாகடித்தேன் என்பது.

குற்றத் தொடர் எடுத்தவன் நான். விஷம் வைத்தேன், மாடியிலிருந்து தள்ளினேன், எண்ணூர்க் கடற்கரையில் சாக்குமூட்டையில் கட்டிப் போட்டேன். செத்தவர்கள் எல்லோரும் எழுந்து உட்கார்ந்து டீ குடித்தார்கள். பிணமாக நடித்தவரை ஷாட் முடிந்ததும் கேமராவைப் பார்த்து ஒரு தடவை சிரிக்கச் சொல்வது நம் தொழில் வழக்கம், உங்களுக்கே தெரியும். அந்தச் சிரிப்பு எந்த டிவியிலும் வராது. எமன் ஒருவேளை பார்த்துக்கொண்டிருந்தால், சும்மா விளையாட்டுக்குத்தான் என்று அவனுக்குச் சொல்வதற்காக எடுப்பது. நானும் ஒருவரைத் தவிர எல்லோரையும் சிரிக்க வைத்துத்தான் அனுப்பினேன்.

எங்கள் தொடருக்குத் தலைமை எழுத்தாளர் ஒரு பெண்மணி. பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் இன்றைக்கும் போன் போட்டுத் திட்டுவார், என் போனும் ஒரு தடவை அடித்த மாதிரி இருக்கும். முதல் நாளே அவர் என்னிடம் சொன்னார்: "கொலைய யார் பண்ணாங்கன்னு ஜனங்க மூணாவது வாரமே கண்டுபிடிச்சிடுவாங்க. அத விடு. அந்த வீட்ல யார் யாரோட உக்காந்து சாப்பிடறதில்லன்னு எழுது. அதுக்குத்தான் தினமும் டிவி முன்னாடி வந்து உக்காருவாங்க."

அதை நான் வேதவாக்காக எடுத்துக்கொண்டேன். எந்த வீட்டுக்குள் நுழைந்தாலும் உளவு பார்ப்பேன். யார் தட்டு தனியாக இருக்கிறது, யார் யாரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை, எந்தக் கதவு எப்போதும் சாத்தியிருக்கிறது. நல்ல பழக்கம்தான். ஆனால் இதில் ஒரு ஆபத்து உண்டு. கொஞ்ச நாளில் சாதாரணமாக யாராவது தும்மினாலும், அதற்குப் பின்னால் சிறுவயதுக் காயம் ஏதாவது இருக்குமோ என்று தோன்ற ஆரம்பித்துவிடும்.

அந்த வருடம் எங்கள் கதை ராயபுரத்துக் குடும்பம் ஒன்றைப் பற்றியது. கதையில் அப்பா கொலையாகிவிடுகிறார். அம்மா, மகன் இருவர் மேலும் சந்தேகம். யார் செய்தார்கள் என்பதைவிட, செத்த மனிதரை இவர்கள் எவ்வளவு வெறுத்தார்கள் என்பதுதான் கதை. வடசென்னைக் கதை என்பதால் மொத்த வசனத்தையும் என் தலையிலேயே கட்டினார்கள். நான் தண்டையார்பேட்டையில் பிறந்து டோல்கேட்டில் பஸ் ஏறி வளர்ந்தவன். "நம்ம ஏரியா சார், நான் பாத்துக்கறேன்" என்று நெஞ்சை நிமிர்த்திச் சொன்னேன். அந்த நெஞ்சைப் பிற்பாடு எங்கே கொண்டுபோய் வைப்பது என்று தெரியாமல் போனது.

படப்பிடிப்புக்கு மாதா கோயிலை ஒட்டிய சந்தில் ஒரு வீடு கிடைத்தது. குறுகலான மாடிப்படி, பச்சை வண்ணச் சுவர், கூடத்தில் இயேசுவின் திரு இருதயப் படம், அதன் கீழே எப்போதும் எரியும் சிவப்பு பல்பு. வீட்டுக்காரர் பிலோமினா அம்மா. அறுபது வயதிருக்கும். மகன் ஜெரால்டு, ஹார்பரில் ஒரு கிளியரிங் ஆபீசில் வேலை. வீட்டில் இருந்தது இந்த இரண்டு பேர்தான். கணவர் என்று யாரும் இல்லை. கொடியில் ஆண்பிள்ளைச் சட்டை ஜெரால்டுடையது மட்டும். வாசலில் செருப்பும் அப்படியே. சரி, காலமாகிவிட்டார் என்று முதல் நாளே என் மனதில் ஃபைலை மூடிவிட்டேன்.

பிலோமினா அம்மா தங்கமான மனுஷி. யூனிட் முழுவதற்கும் மோர் கலக்கி வைப்பார். என் வசனத்தைக் கேட்டுவிட்டு முகத்துக்கு நேராகவே சொல்வார்:

"இன்னா சார் டயலாக்கு இது? நம்ம பொம்பளைங்க இப்டியா பேசுவாங்க? டோல்கேட்டுன்ற, பேச்சு மைலாப்பூர் மாரி கீதே."

யூனிட்டே சிரிக்கும். நானும் சிரிப்பேன், சிரித்துக்கொண்டே அவர் சொன்ன மாதிரி மாற்றி எழுதிக்கொள்வேன்.

கல்லறைத் திருநாள் வந்தது. அன்றைக்கு ராயபுரமே பூவும் மெழுகுவத்தியுமாகக் காசிமேட்டுக் கல்லறைக்குப் போய்விடும், தெரு அமைதியாக இருக்கும், லைவ் சவுண்டு எடுக்கலாம் என்று நாங்கள் வேண்டுமென்றே அந்தத் தேதியைப் பிடித்திருந்தோம். அடுத்தவர் துக்கத்தில் சவுண்டு ரெக்கார்டிங் செய்யும் புத்தி, வேறென்ன சொல்ல.

பத்து மணிக்கு பிலோமினா அம்மா பையோடு கிளம்பினார். மூன்று பொட்டலம் உதிரிப்பூ, மூன்று மெழுகுவத்தி.

"யார் யாருக்கும்மா?" என்று கேட்டேன்.

"மாமனாரு, மாமியாரு. அப்புறம் எம் பொண்ணு ஒண்ணு, பொறந்து பத்தாம் நாள் பூட்ச்சி."

"அய்யாவுக்கு?"

செருப்பு மாட்டிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "அவருக்கா? அவருக்கு ஏத்த மாட்டேன்" என்றார். சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போய்விட்டார்.

எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. செத்துப்போன புருஷனுக்கு ஒரு மெழுகுவத்திகூட ஏற்றமாட்டேன் என்று சொல்லுமளவுக்கு ஒரு பெண்ணுக்குள் வெறுப்பு! எத்தனை வருடத்துக் கொடுமை உள்ளே இருந்தால் இந்த வார்த்தை வரும்! உடனே நோட்டை எடுத்து எழுதினேன். எங்கள் கதையின் அம்மா, செத்துப்போன கணவனின் படத்துக்கு முன்னால் நின்று, மெழுகுவத்தியைக் கையில் வைத்துக்கொண்டே, "இவனுக்கு ஏத்த மாட்டேன்" என்று சொல்கிறாள். போலீஸ் அதைக் கேட்டுவிடுகிறது. வாரக் கடைசி எபிசோடுக்கு இதைவிட நல்ல முடிவு கிடைக்குமா? என்னை நானே தட்டிக்கொடுத்தேன். முதுகு எட்டவில்லை என்பதால் தொடையில் தட்டிக்கொண்டேன்.

இப்போது ஒரு சிக்கல். செத்த அப்பாவின் படம் வேண்டும். அதற்காகப் பேசி வைத்திருந்த நடிகர் காலையில் போனில் கையை விரித்தார். "கல்யாண போட்டோ கேளு, தரேன். மாலை போட்டோக்கு வேற ஆளப் பாரு நைனா. போன தபா மாலை போட்டானுங்க, ரெண்டாம் நாள் கால் ஒட்ஞ்சிச்சி." அவரை நாங்கள் எல்லோரும் சேர்ந்து கிண்டலடித்தோம். அன்றைக்கு அந்த வீட்டில் விவரமான ஆள், வராத அவர் ஒருவர்தான்.

நடிகை மேக்கப்போடு தயார். மாலை வந்து காய்ந்துகொண்டிருக்கிறது. படம் இல்லை. அப்போது கேமராமேன் லைட்டைப் பீரோ மேல் ஏற்றப் போனவர், "சார், இங்க ஒரு போட்டோ கவுத்து வெச்சிக்கீது" என்றார்.

இறக்கிப் பார்த்தேன். காக்கிச் சட்டை போட்ட ஒரு மனிதர், நல்ல மீசை, பின்னால் ஹார்பர் கிரேன். பீரோ மேல் ஒரு விரல் கனத்துக்குத் தூசி. என் உதவியாளர் துணியோடு வந்தார். கேமராமேன், "தொடைக்க வேணாம்பா, போட்டோ மட்டும் க்ளீனா கீது" என்றார்.

நீங்கள் இப்போது கண்டுபிடித்திருப்பீர்கள். பீரோ முழுக்கத் தூசி, கவிழ்த்து வைத்த படத்தில் மட்டும் தூசி இல்லை. யாரோ தினமும் எடுத்துத் துடைத்துவிட்டு மறுபடி கவிழ்த்து வைக்கிறார்கள். என் தொடரின் இன்ஸ்பெக்டர் ஒரே நொடியில் பிடித்திருப்பார். அந்த இன்ஸ்பெக்டருக்கு வருடக்கணக்காக வசனம் எழுதிய நான், "அட, வேலை மிச்சம்" என்றேன்.

ஜெரால்டு அன்று லீவு போட்டுவிட்டு மாடிப்படியில் உட்கார்ந்திருந்தார். படத்தைக் காட்டி, "அப்பாவா? ஒரே ஒரு ஷாட்டுக்கு இத வெச்சிக்கலாமா? மாலை போட வேண்டியிருக்கும்" என்றேன்.

படத்தை அவர் கையால்கூடத் தொடவில்லை. "போட்டுக்கோ சார். பெருசா போடு" என்றார்.

அந்தக் குரலைக் கேட்டு எனக்கு உள்ளுக்குள் மகிழ்ச்சிதான் வந்தது. அம்மாவுக்கு மட்டுமில்லை, மகனுக்கும் வெறுப்பு! எங்கள் கதை அப்படியே கண் முன்னால் நிற்கிறது! 'அப்பா எப்போது தவறினார்?' என்ற ஒரே ஒரு கேள்வி என் நாக்கு நுனி வரை வந்தது. கேட்கவில்லை. ஏன் கேட்கவில்லை என்பதைப் பிறகு சொல்கிறேன்.

மாலை போட்டோம், சந்தனம் வைத்தோம், ஊதுபத்தி கொளுத்தினோம். நடிகை அந்த வசனத்தைச் சொன்னபோது லைட்மேன்கூடக் கண்ணைத் துடைத்தார். பிலோமினா அம்மா கல்லறையிலிருந்து திரும்புவதற்குள் படம் பீரோ மேல் பழையபடி கவிழ்ந்து கிடந்தது. அவர் வந்து எல்லோருக்கும் மோர் கொடுத்தார். நானும் ஒரு டம்ளர் குடித்தேன்.

எபிசோடு டிசம்பரில் வந்தது. ஏகப்பட்ட பாராட்டு. தலைமை எழுத்தாளரே, "எங்கேயிருந்துடா பிடிச்ச அந்த மெழுகுவத்திய?" என்றார். நான் அடக்கமாகச் சிரித்து, "எல்லாம் கவனிப்புதான் மேடம்" என்றேன்.

பொங்கல் முடிந்து அடுத்த கட்டப் படப்பிடிப்புக்காக அந்த வீட்டுக்குப் போனேன். கூடத்தில் கிறிஸ்துமஸ் குடில் இன்னும் பிரிக்கப்படாமல் இருந்தது. பிலோமினா அம்மா என்னை உட்காரச் சொல்லவில்லை.

"எம் புருஷன் போட்டோவ யார் சார் எடுத்துக் குடுத்தா?"

அவருக்குப் பின்னால் சமையலறை வாசலில் ஜெரால்டு நின்றிருந்தார். அவர் கண்ணைப் பார்த்தேன். "நானேதாம்மா எடுத்தேன். யாரையும் கேக்கல. தப்புதான்" என்றேன். பொய் வழுக்கிக்கொண்டு வந்தது. தொழில் அப்படி.

"அவரு உயிரோட கீறாரு சார்" என்றார்.

பிறகுதான் எனக்குக் கதை தெரிந்தது. சொல்லும்போது அவர் அழவில்லை. மளிகைச் சாமான் சொல்வது போல ஒவ்வொன்றாகச் சொன்னார். கணவர் பெயர் சூசை. ஹார்பரில் கிரேன் ஓட்டியவர். குடி. குடித்தால் அடி. ஒருநாள் தெருவே பார்க்க மகன் அப்பாவைத் திருப்பி அடித்துவிட்டான். அன்றைக்கு இறங்கிப் போனவர் ஏழு வருடமாக எண்ணூர் பக்கம் ஒரு கண்டெய்னர் யார்டில் வாட்ச்மேன். போன கையோடு குடியையும் விட்டுவிட்டார். பிலோமினா அம்மா மாதம் ஒரு தடவை, மகனுக்குத் தெரியாமல், மீன்குழம்போடு போய்ப் பார்த்துவிட்டு வருவார். வீட்டுக்கு வா என்று கூப்பிடுவார். அவர் ஒரே ஒரு நிபந்தனை வைத்திருந்தார்: மகன் தன்னை நினைத்துத் தேட வேண்டும்.

"அவன் உன்ன தேடிக்கினுதான் கீறான், வாய தொறந்து சொல்ல மாட்டேன்றான்னு ஏழு வருசமா சொல்லி சொல்லி, இந்தக் கிறிஸ்துமஸுக்கு வரேன்னு ஒத்துக்கினாரு சார். புதுச் சட்ட கூட எடுத்து வெச்சேன். யார்டுல ரூம்ல டிவி கீது. அதுல பாத்துட்டாரு. நம்ம வூடு, நம்ம சுவரு, அவரு போட்டோவுக்கு மாலை. அதுக்கு முன்னாடி ஒருத்தி நின்னுகினு, இவனுக்கு ஏத்த மாட்டேன்றா."

குடிலில் சாய்ந்திருந்த ஓர் ஆட்டை எடுத்து நிமிர்த்தி வைத்தார். பிறகு கேட்டார்: "உயிரோட கீற ஆம்பளைக்கு எவளாவது மெழுகுவத்தி ஏத்துவாளா சார்? அவ்ளோதான சொன்னேன்?"

அவ்வளவுதான் சொல்லியிருந்தார். நான்தான் அதற்குள் கிணறு தோண்டி, அந்தக் கிணற்றில் அவர் கணவரைத் தள்ளிவிட்டிருந்தேன்.

"நான் போய்ப் பேசறேம்மா" என்றேன். ஞாயிற்றுக்கிழமை மதியம் எண்ணூர் போனேன். சாலை முழுக்க டிரெய்லர் லாரிகள் வரிசை கட்டி நின்றன. யார்டு கேட்டில் விசிலும் தொப்பியுமாக ஒரு மெலிந்த மனிதர். படத்தில் இருந்த மீசை நரைத்திருந்தது.

"யார் வோணும்?"

"சூசை அண்ணன்..."

"அவரு செத்துட்டாரே. டிவில காட்னாங்களே, நீ பாக்கல?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்திருக்கக் கூடாது. ஆனால் அவரும் லேசாகச் சிரித்தார். தன்னைத்தானே கிண்டலடிக்கும் இன்னொரு ஆளைப் பார்த்தால் எனக்கு உடனே தெரிந்துவிடும். நான் யாரென்று சொன்னேன். அடிப்பார் என்று எதிர்பார்த்தேன். ஸ்டூலைக் காலால் தள்ளி, "உக்காரு" என்றார்.

"ஒண்ணே ஒண்ணு சொல்லு. அந்த வார்த்த யாருது? ஏத்த மாட்டேன்னு. அது அவ பேச்சாச்சே."

"அவங்க பேச்சுதான் அண்ணே. ஆனா அவங்க சொன்னது வேற. உயிரோட இருக்கறவருக்கு எதுக்கு ஏத்தணும்னு சொன்னாங்க. நான் ஒரு முட்டாள், செத்தவருக்கே ஏத்த மாட்டேன்றாங்கன்னு எடுத்துக்கினேன். நீங்க இருக்கறதே எனக்குத் தெரியாது."

விசிலைக் கையில் உருட்டிக்கொண்டிருந்தார். ஒரு லாரி ஹாரன் அடித்தது; கவனிக்கவில்லை.

"அப்ப ஏழு வருசமா எனக்கு ஏத்தல?"

"ஏத்தல அண்ணே."

"அந்தப் பொம்பளைய எவ்ளோ பேஜார் பண்ணிக்கீறேன் தெரியுமா சார்" என்றார். பிறகு, என்னிடமில்லை, தனக்குத்தானே சொல்வது போல, "டூட்டிய மாத்தி வுட சொல்லலாம். புதன்கிழம வூட்டுக்குக் கெளம்பலாம்" என்றார்.

பிள்ளைகளே, அந்த இடத்தில் நான் எழுந்து கும்பிட்டுவிட்டு ஓடியிருக்க வேண்டும். காட்சி முடிந்துவிட்டது, கட் சொல்ல வேண்டியதுதான். நான் உட்கார்ந்தே இருந்தேன், நன்றாக இருந்தது எனக்கு. அப்போது அவர் கேட்டார்:

"அந்த போட்டோவ யார் எடுத்துக் குடுத்தா?"

பிலோமினா அம்மாவிடம் அத்தனை சுலபமாக வந்த பொய் இங்கே வரவில்லை. எந்தப் பதில் சரியாக இருக்கும் என்று யோசித்தேன். நானே எடுத்தேன் என்பதா? மகன்தான் கொடுத்தான், ஆனால் மனசில்லாமல் கொடுத்தான் என்பதா? அது கொஞ்சம் உருக்கமாக இருக்குமோ? இரண்டு வினாடிதான் ஆகியிருக்கும். பிறகு, "நானேதான் எடுத்தேன்" என்றேன்.

அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நாப்பது அடி மேல உக்காந்துகினு, கீழ நிக்கறவன் கைய பாத்து சரக்கு தூக்கினவன் சார் நானு. கை ஒரு தபா தயங்கிச்சின்னா தூக்க மாட்டேன்." எழுந்து தொப்பியைச் சரிசெய்தார். "அவன்தான் குடுத்தான். சரி, உட்ரு. புதன்கிழம கெளம்பல."

நான் என்னென்னவோ சொன்னேன். எதுவும் நினைவில் இல்லை. நினைவில் வைத்துக்கொள்ளும் தரத்தில் எதுவும் சொல்லியிருக்க மாட்டேன். கடைசியில் போனை எடுத்து, "ஒரே ஒரு போட்டோ அண்ணே, கொஞ்சம் சிரிங்க. செத்த மாதிரி நடிச்சவங்கள சிரிக்க வெச்சி எடுக்கறது எங்க வழக்கம்" என்றேன்.

"அது நடிச்சவனுக்கு" என்றார். "நான் நடிக்கலியே." விசிலை ஊதிக்கொண்டு லாரிக்குக் கேட்டைத் திறக்கப் போய்விட்டார்.

பிலோமினா அம்மாவிடம் வந்து சொன்னேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அவர் ஒன்றே ஒன்றைக் கேட்டார்: "நானேதான் எடுத்தேன்னு ஒடனே சொன்னியா, நின்னு சொன்னியா?" நான் நின்றதிலேயே அவருக்கும் தெரிந்துவிட்டது. குடிலில் இருந்த மாட்டையும் ஆட்டையும் எடுத்துப் பெட்டியில் அடுக்க ஆரம்பித்தார்.

மாடிப்படியில் ஜெரால்டு நின்றிருந்தார். "நான் போய்க் கூப்டா வருவாரா சார்?" என்றார்.

"போய்ப் பாரேன்" என்றேன்.

தலைமை எழுத்தாளரிடம் நடந்ததைச் சொன்னேன். அவர் திட்டவில்லை. "அப்பா எப்ப தவறினார்னு ஏன் கேக்கல?" என்றார். நேரமில்லை மேடம், ஆர்ட்டிஸ்ட் ரெடி, வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது என்று ஆரம்பித்தேன். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருக்க, உண்மை வந்துவிட்டது. கேட்டால் சாதாரணமான ஒரு பதில் வந்துவிடுமோ என்று பயந்தேன். மாரடைப்பு, அல்லது உயிரோடு இருக்கிறார், ஏதோ ஒன்று. பதில் வந்தால் அந்த வசனம் போய்விடும். வசனத்தைக் காப்பாற்றிக்கொள்ளத்தான் வாயை மூடிக்கொண்டேன்.

ஆகவே உங்களிடம் கேட்டுக்கொள்வது இதுதான். ஒரு வீட்டுக்குள் போய் அந்த மனிதர்களின் மனதை ஆராயுங்கள், நன்றாக ஆராயுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. அதற்கு முன்னால் வாயைத் திறந்து, "அவர் இருக்கிறாரா?" என்று கேட்டுவிடுங்கள். சீன் போனால் போகட்டும். வேறொரு சீன் எழுதலாம். நான் எழுதியதையெல்லாம் இன்று யாருக்கு ஞாபகம் இருக்கிறது? சூசை அண்ணனுக்கு மட்டும் இருக்கும்.

இதெல்லாம் நடந்து சில வருடங்கள் ஆகிவிட்டன. ஜெரால்டை எங்காவது பார்த்தால், "போனியா?" என்று கேட்கிறேன். இப்போதெல்லாம் கேட்டுவிடுகிறேன். "போவணும் சார்" என்பார். எண்ணூர்ச் சாலையில் டிராபிக் என்பார்.

கல்லறைத் திருநாள் அன்று நானும் காசிமேட்டுக்குப் போகிறேன். எனக்கு அங்கே யாரும் இல்லை. கூட்டத்தில் ஓரமாக நின்று பிலோமினா அம்மாவின் பையை மட்டும் பார்ப்பேன். போன தடவை அவர் என்னைப் பார்த்துவிட்டார். காற்றில் அணைந்த ஒரு மெழுகுவத்தியை மறைத்துப் பிடித்து மறுபடி ஏற்றிக்கொண்டே கேட்டார்:

"இன்னா சார், எண்ணிக்கினியா?"

"எண்ணிட்டேம்மா."

"எவ்ளோ?"

"மூணு."

"மூணுதான்" என்றார், தீப்பெட்டியை முந்தானையில் முடிந்துகொண்டே.